கையெழுத்துக்கு முன்னால் கேட்க வேண்டியவை

அபர்ணா சன்யால் இயக்கி 2011-ல் வெளிவந்த ‘எ டிராப் ஆஃப் சன்ஷைன்’ தேசிய விருது பெற்ற ஆவணப்படம். மனச்சிதைவுக்கு ஆளான ரேஷ்மா வள்ளியப்பனின் வாழ்க்கையை வைத்து, நோயாளியைச் சம பங்காளியாக நடத்தாத சிகிச்சை பலிக்காது என்று அது வாதிட்டது. இப்படிப்பட்ட படத்தைப் பார்த்துவிட்டு நோயாளிகள் மாத்திரையை நிறுத்திவிடுவார்களே என்ற அச்சம் நியாயமானது. திடீரென நிறுத்தினால் நோய் திரும்பும் ஆபத்து அதிகம். ஆனால் நோயாளியின் சம்மதத்தைப் பொறுத்தவரை, 2017-ல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய மனநலப் பாதுகாப்புச் சட்டமும் அந்தப் படத்தின் பக்கம்தான் நிற்கிறது.

சம்மதம் இல்லாத இடத்தில் என்ன நடக்கும் என்பதை ஏர்வாடி காட்டியது. 2001 ஆகஸ்ட் 6 அதிகாலை அங்கே மனநோயாளிகளுக்கான ஒரு தனியார் காப்பகம் தீப்பற்றியபோது, சங்கிலியில் பிணைக்கப்பட்டிருந்தவர்கள் தப்ப வழியில்லாமல் போனது. 28 பேர் மாண்டார்கள். சங்கிலியால் கட்டுவதை இன்று அந்த 2017 சட்டத்தின் 95-ஆம் பிரிவு அடியோடு தடுக்கிறது. மயக்க மருந்தும் தசைத் தளர்வு மருந்தும் இல்லாமல் மின்னதிர்ச்சி, அதாவது ‘ஷாக்’, கொடுப்பதையும் அதே பிரிவு தடுக்கிறது. 18 வயதுக்கு உட்பட்டவருக்கு ஷாக் கொடுக்கப் பாதுகாவலரின் சம்மதத்தோடு மனநல மறுஆய்வு வாரியத்தின் முன்அனுமதியும் வேண்டும். அவசரம் என்று சொல்லி ஷாக் கொடுக்கவும் 94-ஆம் பிரிவில் இடமில்லை. சினிமா காட்டுவதுபோல் ஷாக் சிகிச்சை தண்டனை அல்ல. சாப்பாட்டையே மறுக்கும் அளவுக்கு முற்றிய மனச்சோர்வில் அது உயிரைக் காக்கிறது. நினைவிழப்பு அதன் மறுபக்கம். பெரும்பாலும் தற்காலிகம், சிலருக்குப் பழைய நினைவுகள் திரும்புவதே இல்லை. இரண்டையும் சொல்லாமல் வாங்கும் கையெழுத்தைச் சம்மதம் என்று சொல்ல முடியாது.

‘புத்தி தடுமாறியவரிடம் சம்மதம் கேட்பதா?’ என்று வீட்டார் கேட்பார்கள். இரவெல்லாம் கண்விழித்துக் காவலிருப்பவர்களின் கேள்வி அது, தட்டிக்கழிக்கக் கூடாது. சட்டம் அதற்கு வழி வைத்திருக்கிறது. நோய் இருப்பதாலேயே ஒருவருக்கு முடிவெடுக்கும் திறன் இல்லை என்று ஆகிவிடாது. தெளிவாக இருக்கும் காலத்திலேயே, எந்தச் சிகிச்சை வேண்டும், எது வேண்டாம், தன் சார்பில் யார் பேச வேண்டும் என்று முன்கூட்டியே எழுதி வைக்கலாம். சாட்சிகள் கையெழுத்திட்டு வாரியத்தில் பதிவு செய்ய வேண்டும். அது பொருந்தாது என்று மருத்துவரோ உறவினரோ கருதினால் வாரியத்திடம் முறையிடலாம்; அவசரச் சிகிச்சை தவிர மற்ற நேரத்தில் தாங்களே மீற முடியாது.

பள்ளிப்பட்டு, பொதட்டூர்பேட்டை பக்கத்துத் தறிக் குடும்பங்களுக்குத் திருவள்ளூருக்கோ சென்னை கீழ்ப்பாக்கம் மனநல மருத்துவமனைக்கோ போய்வருவது ஒரு நாள் கூலியை இழப்பதாகும். கீழ்ப்பாக்கம் என்ற ஊர்ப்பெயரையே வசைச்சொல்லாக்கிவிட்டதால் வெட்கமும் சேர்ந்துகொள்கிறது. அதனால் மருத்துவமனைக்குப் பதில் கோயிலை நாட, அதன் வாசலிலேயே நோய் முற்றிப்போகிறது. கிளம்பும் முன்பே 14416 என்ற ‘டெலிமானஸ்’ எண்ணில் கட்டணமில்லாமல் ஆலோசனை கேட்கலாம். மருத்துவமனையில் உரிமை மீறப்பட்டால் முதலில் அதன் பொறுப்பு மருத்துவரிடமும், தீராவிட்டால் வாரியத்திடமும் புகார் தரலாம். இலவசச் சட்ட உதவிக்கு 15100. நோயாளியின் மருத்துவக் குறிப்புகளைக் கேட்டுப் பெறுவதும் உரிமைதான். புகாருக்கு அவைதான் ஆதாரம் என்பதால் வீடு திரும்பும்போதே வாங்கிவிட வேண்டும்.