பேரிக்காய்ப் பாகு செய்வது எப்படி?

கொடைக்கானலிலும் நீலகிரியிலும் விளையும் பேரிக்காய், ஆடி, ஆவணி மாதங்களில் சமவெளிச் சந்தைகளுக்கு வந்து குவியும். விலை மலிவாக இருக்கிறதே என்று ஒரு பை நிறைய வாங்கி வந்து விடுகிறோம். வந்த பிறகுதான் தொல்லை! காய் கல் போல் இருக்கிறது. குழந்தைகள் ஒரு கடி கடித்துவிட்டு வைத்து விடுகிறார்கள். பல் போன பாட்டி தொட்டுக்கூடப் பார்ப்பதில்லை. சில நாள் கழித்துப் பார்த்தால் பாதி அழுகிக் குப்பைக்குப் போகிறது. பழமும் வீண், காசும் வீண்.

இதற்கு ஓர் எளிய வழி உண்டு. பழத்தைச் சர்க்கரைப் பாகில் மசாலாச் சாமான்களோடு வேக வைப்பதுதான் அது. மேல்நாட்டார் இதைக் 'காம்போட்' என்பார்கள். நாம் பேரிக்காய்ப் பாகு என்றே சொல்வோம்.

என்னென்ன தேவை?

பேரிக்காய் 1 கிலோ, சர்க்கரை 200 கிராம், தண்ணீர் அரை லிட்டர், கிராம்பு 4, விரல் நீளப் பட்டை ஒன்று, ஏலக்காய் 2, தோல் சீவிய இஞ்சி ஒரு சிறு துண்டு, எலுமிச்சம்பழம் ஒன்று.

கிராம்புக்கும் நாம் வெளியே போக வேண்டியதில்லை. கன்னியாகுமரி மாவட்ட மலைகளில் விளையும் கிராம்புக்கு 2021-ம் ஆண்டில் புவிசார் குறியீடே கிடைத்திருக்கிறது.

செய்முறை

பேரிக்காயின் தோலைச் சீவி, நான்காக வெட்டி, நடுவிலுள்ள விதையை எடுத்து விடுங்கள். வெட்டிய துண்டு காற்றுப் பட்டால் கறுத்துவிடும். ஆகையால், பாதி எலுமிச்சம்பழம் பிழிந்த தண்ணீரில் துண்டுகளைப் போட்டு வையுங்கள்.

எவர்சில்வர் பாத்திரத்தில் சர்க்கரையையும் அரை லிட்டர் தண்ணீரையும் விட்டு, மசாலாச் சாமான்களை முழுசாகவே போட்டுக் கொதிக்க விடுங்கள். கம்பிப் பதம் வேண்டாம். சர்க்கரை கரைந்தால் போதும். துண்டுகளை வடித்து அதில் போட்டு, மூடி, சிறு தீயில் வேக விடுங்கள். நாட்டுப் பேரிக்காய் வேக அரை மணி நேரம்கூட ஆகலாம். கத்தி முனையால் குத்திப் பாருங்கள். தடையில்லாமல் இறங்கினால் வெந்துவிட்டது என்று அர்த்தம்.

துண்டுகளை மட்டும் தனியே எடுத்துவிட்டு, பாகை இன்னும் 10 நிமிடம் கொதிக்க விட்டால் சற்றுக் கெட்டியாகும். மீதிப் பாதி எலுமிச்சம்பழத்தைப் பிழிந்து, பாகைத் துண்டுகள் மேல் ஊற்றுங்கள். ஆறியதும் சாப்பிடலாம். ஒரு மணி நேரம் ஊறினால் ருசி இன்னும் கூடும். தோசைக்கும் சப்பாத்திக்கும் தொட்டுக்கொள்ளலாம்.

பித்தளைப் பாத்திரம் வேண்டாம். புளிப்புப் பட்டால் களிம்பு ஏறும்.

இது ஜாம் அல்ல!

இதை முக்கியமாகக் கவனிக்க வேண்டும். ஜாமில் பாதிக்கு மேல் சர்க்கரை இருப்பதால் அது பல நாள் கெடாமல் இருக்கிறது. நமது பாகில் சர்க்கரை குறைவு. வெளியே வைத்தால் அன்றே தீர்த்துவிட வேண்டும். மூடிய பாத்திரத்தில் பிரிட்ஜில் வைத்தால் 4 நாள் இருக்கும். எடுக்கும் கரண்டியில் ஈரமோ எச்சிலோ கூடாது. பொங்கி நுரைத்தாலும் வாடை மாறினாலும், 'கொஞ்சம்தானே' என்று குழந்தைக்குக் கொடுத்து விடாதீர்கள். கொட்டி விடுங்கள்.

சற்றே அடிபட்ட காயில் அந்த இடத்தை மட்டும் வெட்டி எறிந்தால் போதும். பூஞ்சைக்காளான் பிடித்த காயையோ முழுவதும் எறிந்துவிட வேண்டும். நீரிழிவு உள்ளவர்களுக்கு இது ஏற்றதல்ல.

அடுத்த முறை பேரிக்காய் வாங்கினால், கனிந்ததை அப்படியே தின்னுங்கள். கல்லாய் இருப்பதை அடுப்பில் ஏற்றுங்கள். குழந்தை இன்னொரு கிண்ணம் கேட்கும். பாட்டியும் கேட்பாள்!