குற்றம் வேறு, பொறுப்பு வேறு

தான் பிறப்பதற்கு முன் தன் நாடு இழைத்த கொடுமைக்காக ஒருவர் தலைகுனிய வேண்டுமா? 'என் கையில் ரத்தக் கறை இல்லை. எனக்கும் அதற்கும் என்ன தொடர்பு?' என்று ஒருவர் கேட்டால், அதில் நியாயமே இல்லை என்று எளிதில் தள்ளிவிட முடியாது. இரண்டு தலைமுறைகளுக்கும் மேலாக இந்தக் கேள்வியோடு போராடி வரும் நாடு ஜெர்மனி. நீதிமன்றத்திலும் நாடாளுமன்றத்திலும் நடந்த அந்தப் போராட்டம் பத்திரிகைப் பக்கங்களிலும் நடந்தது. போருக்குப் பிந்தைய ஜெர்மனியின் வரலாற்றில், அதன் பொருளாதார எழுச்சியைவிட இந்த விவாதமே என்னை அதிகம் வியக்க வைக்கிறது.

1945 மே 8-இல் ஜெர்மனி சரணடைந்தபோது ஏறத்தாழ 60 லட்சம் யூதர்கள் நாஜி ஆட்சியால் கொல்லப்பட்டிருந்தனர். அவ்வாண்டின் குளிர்காலத்தில் ஹைடல்பெர்க் பல்கலைக்கழகத்தில் தத்துவப் பேராசிரியர் கார்ல் யாஸ்பர்ஸ் இக்கேள்வி குறித்துச் சொற்பொழிவாற்றினார். மனைவி யூதர் என்பதால் 1937-இல் பதவி பறிக்கப்பட்டவர் அவர். 1946-இல் நூலாக வெளிவந்த அச்சொற்பொழிவில் குற்றத்தை அவர் நான்காகப் பிரித்தார். சட்டத்தை மீறியவரின் குற்றத்தை நீதிமன்றம் விசாரிக்கும். அரசு செய்ததன் விளைவைக் குடிமக்கள் அனைவரும் சுமந்தாக வேண்டும். அது அரசியல் குற்றம். தனிமனிதர் செய்ததையும் செய்யத் தவறியதையும் அவரவர் மனசாட்சி விசாரிக்கும். அது அறம் சார்ந்தது. சக மனிதர் கொல்லப்பட்டபோது தான் மட்டும் உயிரோடு இருந்ததன் உறுத்தல் நான்காவது; அதற்கு இறைவனே நீதிபதி.

ஓர் இனம் முழுவதையும் குற்றவாளி ஆக்க முடியாது. ஆனால், அரசியல் பொறுப்பிலிருந்து எவரும் நழுவ முடியாது என்பதே அவரது வாதத்தின் சாரம். பின்னாளில் ஜெர்மனியில் எழுந்த விவாதங்கள் அனைத்துக்கும் இந்த வேறுபாடே அடித்தளம் என்பேன்.

ஆனால், அன்று அதைக் கேட்கும் மனநிலையில் பெரும்பாலோர் இல்லை. வீட்டைக் கட்டுவதும் வேலை தேடுவதுமே முதல் கவலையாக இருந்தது. யூதர்களின் குடியுரிமையைப் பறித்த 1935-ஆம் ஆண்டின் நியூரம்பர்க் சட்டங்களுக்கு விளக்கவுரை எழுதியவர்களுள் ஒருவரான ஹான்ஸ் குளோப்கே, மேற்கு ஜெர்மனியில் சான்சலர் கொன்ராட் அடெனாவர் அலுவலகத்தின் தலைமை அதிகாரியாக 1953 முதல் 1963 வரை பணியாற்றினார். கிழக்கு ஜெர்மனியோ, தன்னை நாஜி எதிர்ப்பாளர்களின் அரசு என்று அறிவித்துக்கொண்டு, பழி முழுவதையும் மேற்கின் கணக்கில் எழுதிவிட்டது.

மௌனத்தை உடைத்தவர்களுள் முதன்மையானவர் ஹெஸ்ஸே மாநிலத்தின் தலைமை அரசு வழக்குரைஞர் ஃபிரிட்ஸ் பவுர். யூதரான அவர், நாஜிகளின் சிறைமுகாமில் அடைக்கப்பட்டு, பின்னர் நாட்டை விட்டே வெளியேறியவர். அவரது முயற்சியால் 1963 டிசம்பரில் பிராங்க்பர்ட்டில் ஆஷ்விட்ஸ் வதைமுகாம் வழக்கு தொடங்கியது. குற்றவாளிக் கூண்டில் நின்ற 22 பேரும் போருக்குப் பின் அண்டை வீட்டாரைப் போல வாழ்ந்து வந்தவர்கள். 'அப்பா, நீங்கள் அப்போது என்ன செய்துகொண்டிருந்தீர்கள்?' என்று பிள்ளைகள் கேட்கத் தொடங்கிய காலம் அது.

1970 டிசம்பர் 7-இல், போலந்தின் வார்சா நகரில், யூதர்களின் எழுச்சி நினைவிடத்தின் முன் சான்சலர் வில்லி பிராண்ட் மண்டியிட்டார். அவர் நாஜிகளை எதிர்த்து, இளம் வயதிலேயே நாட்டை விட்டுத் தப்பியவர். தனிப்பட்ட முறையில் மன்னிப்புக் கேட்க வேண்டிய எந்தத் தவறும் செய்யாதவர். குற்றம் வேறு, பொறுப்பு வேறு என்பதை இதைவிடத் தெளிவாக எந்த நூலாலும் விளக்க முடியாது. அப்போது நடந்த கருத்துக்கணிப்பில் மேற்கு ஜெர்மானியரில் 48% பேர் அச்செயலை மிகையானது என்றனர். 41% பேர் மட்டுமே பொருத்தமானது என்றனர். இன்று உலகம் போற்றும் செயலை அன்று அவரது நாடே முழுமனதாக ஏற்கவில்லை.

1985 மே 8-இல், குடியரசுத் தலைவர் ரிச்சர்ட் ஃபான் வைட்ஸெக்கர் நாடாளுமன்றத்தில் ஆற்றிய உரையில், தோல்வி நாள் என்று பலர் கருதிவந்த அந்த நாளை விடுதலை நாள் என்று அழைத்தார். அன்று பிறந்திராதவர்கள், தாங்கள் செய்யாத குற்றத்தை ஒப்புக்கொள்ள இயலாது. ஆயினும் கடந்த காலத்தை அனைவரும் ஏற்றாக வேண்டும் என்றார். யாஸ்பர்ஸின் வாதம் நாற்பதாண்டுகள் கழித்து நாட்டின் தலைவர் வாயிலாக ஒலித்தது.

அத்துடன் விவாதம் முடிந்துவிடவில்லை. 1986 ஜூனில் பிராங்க்பர்ட்டின் முன்னணி நாளிதழ் ஒன்றில் வரலாற்றாசிரியர் எர்ன்ஸ்ட் நோல்ட்டே ஒரு கட்டுரை எழுதினார். சோவியத் ரஷ்யாவின் வதைமுகாம்கள் ஆஷ்விட்ஸுக்கு முந்தியவை; அந்தக் கொடுமை பற்றிய அச்சமே நாஜிகளைத் தூண்டியிருக்கக் கூடாதா என்ற தொனியில் அவர் கேள்வி எழுப்பினார். ஜூலையில் 'டி சைட்' வார இதழில் தத்துவ அறிஞர் யூர்கன் ஹாபர்மாஸ் கடுமையாக மறுத்தார். பழியைக் குறைத்துக் காட்டி, வழக்கமான தேசியப் பெருமிதத்தை மீட்கும் முயற்சி இது என்பது அவரது குற்றச்சாட்டு. தொடர்ந்து அறிஞர்கள் பலர் மோதிக்கொண்ட அந்த விவாதம் 'வரலாற்றாசிரியர் சர்ச்சை' என்று பெயர் பெற்றது.

ஒப்பிடுவது வரலாற்றாசிரியரின் கடமை. அதைக் குறை கூற முடியாது. ஆனால், ஒப்பீடு புரிந்துகொள்வதற்கா, தப்பித்துக்கொள்வதற்கா என்று கேட்கும் உரிமை வாசகருக்கு உண்டு. 'மற்றவர்களும்தானே செய்தார்கள்' என்ற சொல், எந்த நாட்டில் ஒலித்தாலும், சமாதானம் தேடும் சொல்லே.

பழம்பெருமையில் ஊன்றி நிற்க முடியாத நாட்டைப் பிணைப்பது எது? 1949-இன் அரசமைப்புச் சட்டத்துக்கு 30 ஆண்டு நிறைந்தபோது, அரசியல் சிந்தனையாளர் டால்ஃப் ஸ்டெர்ன்பெர்கர் 'அரசமைப்புப் பற்று' என்ற சொல்லை முன்வைத்தார்; ஹாபர்மாஸ் அதை விரிவுபடுத்தினார். மனித மாண்பு மீற முடியாதது என்று தொடங்கும் சட்டத்தின் விழுமியங்கள் மீது கொள்ளும் பற்றே தேசப்பற்று என்பது அதன் பொருள்.

சட்டப் புத்தகத்தை யாராவது நேசிப்பார்களா என்று நானும் ஒருகாலத்தில் ஐயுற்றதுண்டு. வம்சாவளியை மட்டுமே அடிப்படையாகக் கொண்டிருந்த 1913-ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் மாற்றப்பட்டதை அறிந்தபோது என் ஐயம் குறைந்தது. குறிப்பிட்ட ஆண்டுகள் சட்டப்படி அங்கு வாழும் வெளிநாட்டுப் பெற்றோருக்கு 2000 ஜனவரி 1 முதல் ஜெர்மனியில் பிறக்கும் குழந்தைகள் பிறப்பாலேயே குடிமக்கள் ஆயினர். துருக்கியத் தொழிலாளியின் பேத்தி ஜெர்மானியர் ஆக, ரத்தம் தடையாக இல்லாமல் போனது. கருத்து வாழ்க்கையைத் தொடும் இடம் இதுவே.

கிழக்கிலும் மௌனம் கலைந்தது. சுதந்திரமாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட கிழக்கு ஜெர்மனியின் முதல் நாடாளுமன்றம், 1990 ஏப்ரல் 12-இல் நாஜிக் குற்றங்களுக்கான பொறுப்பை ஏற்று, யூதர்களிடம் மன்னிப்புக் கோரியது. இரு ஜெர்மனிகளும் இணைந்தபின், 2005-இல் பெர்லினின் மையத்தில், 2,711 கான்கிரீட் கற்கள் கொண்ட நினைவிடம் திறக்கப்பட்டது. வெற்றித் தூண்களை எழுப்பும் தலைநகரங்கள் உண்டு. தன் கொடுமைக்குத் தானே இத்தனை பெரிய சின்னம் எழுப்பியவை மிகக் குறைவு.

குறைகளும் உண்டு. இன்றைய நமீபியாவில் 1904-1908 காலகட்டத்தில் ஹெரேரோ, நாமா மக்கள் மீது நடத்திய கொலைகளை இனப்படுகொலை என்று ஜெர்மனி ஒப்புக்கொண்டது 2021-இல்தான். நினைவேந்தல் வெறும் சடங்காகிவிடும் ஆபத்தும் இருக்கிறது. மறுபுறம், நினைவுகூரும் இந்தப் பண்பாட்டையே 180 பாகை திருப்ப வேண்டும் என்று 2017-இல் பேசினார் தீவிர வலதுசாரிக் கட்சியான ஏஎஃப்டியின் தலைவர்களுள் ஒருவரான பியோர்ன் ஹோக்கே. அக்கட்சி 2025 பிப்ரவரித் தேர்தலில் 20.8% வாக்குகளுடன் இரண்டாமிடம் பெற்றது. வாக்களித்த அனைவரும் கடந்த காலத்தை மறுப்பவர்கள் என்று கூற முடியாது. ஆயினும், எட்டப்பட்டுவிட்டது என்று கருதிய உடன்பாடு எவ்வளவு மெல்லியது என்பதை அந்த எண் உணர்த்துகிறது.

பெற்றோர் விட்டுச் சென்ற வீட்டையும் நிலத்தையும் ஏற்பவர், அவர்கள் வைத்த கடனையும் ஏற்கத்தான் வேண்டும். கடனை ஏற்பதால் வாரிசு குற்றவாளி ஆகிவிடுவதில்லை, நேர்மையானவர் ஆகிறார். ஜெர்மனியின் அறிஞர்கள் தங்கள் மக்களிடம் கேட்டது இவ்வளவுதான். ஒவ்வொரு தலைமுறையிடமும் அதை மீண்டும் கேட்டாக வேண்டும்.