ஸ்டார்போர்டு என்னுஞ் சொல்

கப்பலின் மேல்தட்டில் இருவர் எதிரெதிராக நிற்கின்றனர் எனக் கொள்வோம். ஒருவர்க்கு வலப்புறமாவது மற்றவர்க்கு இடப்புறமாகும். இருளிலும் புயலிலும் "வலப்பக்கம்!" என்று ஒருவன் கூவினால், எவனுடைய வலப்பக்கம் என்று வினவ அவகாசம் இராது. ஆதலின் மாலுமிகள் ஆளைப் பொறுத்தனவாயன்றிக் கப்பலையே பொறுத்தனவாய் இரண்டு சொற்களை வழங்கலாயினர். கப்பலின் முன்புறத்தை நோக்கி நிற்பவனுக்கு வலப்பக்கமாவது ஸ்டார்போர்டு, இடப்பக்கமாவது போர்ட்டு. அவன் எப்புறந் திரும்பினும் இவை திரும்பா.

'ஸ்டார்' எனக் கண்டு இதனை விண்மீனோடு தொடர்புபடுத்துதல் தவறு. பழைய ஆங்கிலத்தில் இச்சொல்லின் முற்பகுதி கலஞ் செலுத்துதலையும், பிற்பகுதி கலத்தின் பக்கத்தையுங் குறித்தன. அக்காலத்து வட ஐரோப்பியக் கலங்களில் சுக்கான் பின்புறத்து நடுவில் இல்லை. அகன்ற துடுப்பொன்றே வலப்பக்கத்தில் பிணிக்கப்பட்டிருந்தது. நார்வே தேசத்தில் 1904-ஆம் ஆண்டில் அகழ்ந்தெடுத்த ஓஸபர்க் கப்பலில் அத்தகைய துடுப்பு உளது. அது கரையில் மோதி முறியாதபடி இடப்பக்கத்தையே துறையோடு சேர்த்தனர். இடப்பக்கத்திற்கு முன்னர் லார்போர்டு என்பது பெயர். காற்றிரைச்சலில் இரண்டும் ஒன்றுபோல் ஒலித்தமையால், 1844-இல் பிரிட்டிஷ் கடற்படையார் அதனை விலக்கிப் போர்ட்டு என்பதனையே நிலைநிறுத்தினர்.

பெயர் தெளிவாயிற்று; கட்டளையோ தெளிவாகவில்லை. 1912 ஏப்ரல் 14-ஆம் நாள் இரவு, எதிரே பனிப்பாறையைக் கண்ட டைட்டானிக் கப்பலின் முதல் அதிகாரி மர்டாக் என்பார், ஸ்டார்போர்டுப் பக்கம் திருப்புமாறு ஆணையிட்டார். கப்பல் இடப்பக்கமே திரும்பிற்று. இஃது எவருடைய பிழையுமன்று. பண்டை வழக்கின்படி அவ்வாணை சுக்கானின் கைப்பிடியைக் குறித்ததாகும். கைப்பிடியை வலப்பக்கந் தள்ளினால் கப்பலின் முகம் இடப்பக்கந் திரும்பும். கைப்பிடி மறைந்து சக்கரம் வந்த பின்னரும் ஆணை மாறாதிருந்தது நமக்கு வியப்பையே தருகின்றது. 1929-இல் லண்டனிற் கூடிய சர்வதேச மாநாடு இதனை மாற்றத் துணிந்தது. பிரிட்டிஷ் கப்பல்களில் 1933 முதல், சொன்ன திசையிலேயே கப்பல் திரும்பலாயிற்று.

ஆகாய விமானிகள் பேச்சில் இடம், வலம் என்றே பெரும்பாலுங் கூறுவராயினும், கப்பலின் மரபை விட்டாரல்லர். பிரயாணிகள் இடப்பக்கத்து வாயிலால் ஏறுவதும் துறைமுக வழக்கின் எச்சமே. கப்பலிற் போலவே விமானத்தின் வலச்சிறகில் பச்சை விளக்கும் இடச்சிறகிற் சிவப்பு விளக்கும் எரிகின்றன. இயந்திரக் கப்பல்கள் இரண்டு குறுக்கிடுமாயின், மற்றதைத் தன் ஸ்டார்போர்டுப் பக்கத்திற் காண்பது வழிவிடல் வேண்டும். இயந்திர விமானங்களுக்கும் இதுவே விதி. அப்பொழுது அதன் மாலுமிக்குத் தோன்றுவது எதிர்க்கலத்தின் சிவப்பு விளக்கு. மற்றவனுக்குத் தோன்றுவதோ பச்சை.