மூலம் நிலைக்க, பயன் பரவ

திண்டிவனத்திலிருந்து பிரம்மதேசத்தைக் கடந்து கிழக்கே செல்லச் செல்ல வயல்கள் குறைந்து, மரக்காணத்து உப்பளங்கள் தோன்றும். அவற்றை அடுத்து, மழைநீரும் கழி வழியே ஏறிவரும் கடல்நீரும் கலக்கும் கழுவேலி ஏரி. தமிழகக் கடற்கரையில் பழவேற்காட்டுக்கு அடுத்துப் பெரியதாகச் சொல்லப்படும் இவ்வுவர்நீர்ப் பரப்பில் 5,151 ஹெக்டேருக்கு மேற்பட்ட பகுதியை 2021 டிசம்பரில் தமிழக அரசு பறவைகள் சரணாலயமாக அறிவித்தது. இத்தகைய நிலம் யாருக்குரியது? இக்கேள்விக்கு இஸ்லாமியச் சட்ட மரபு தெளிவான விடை தருகிறது.

யமன் நாட்டு மஃரிபிலிருந்த உப்பு நிலத்தை அப்யள் இப்னு ஹம்மால் (ரலி) கேட்க, நபி (ஸல்) அவர்கள் வழங்கினார்கள். அது வற்றாத நீரைப் போன்றது என்று எடுத்துரைக்கப்பட்டதும் அதனைத் திரும்பப் பெற்றார்கள். அபூதாவூத், திர்மிதீ பதிவு செய்துள்ள இந்நிகழ்ச்சியிலிருந்து, உழைப்பின்றியே கிடைக்கும் கனிமம் தனியொருவர்க்கு உரியதாகாது எனச் சட்ட அறிஞர்கள் வகுத்தனர். ஆனால் கடலோரத்தில் உழைத்துப் பாத்தி கட்டி உப்பு விளைவிப்பவர்க்கு அதில் உரிமையுண்டு என்பது இப்னு குதாமாவின் கருத்து. இவ்வளவுகோலின்படி உப்பளம் உழைத்தவர்க்குரியது. ஏரியோ அனைவர்க்கும் பொது.

பொதுவானதைக் காக்க எழுந்ததே 'ஹிமா' என்னும் காப்புநில முறை. உமர் (ரலி) தம் ஹிமாவின் காவலரிடம், சிறு மந்தையுடைய ஏழைகளை உள்ளே விடுமாறும், செல்வர்களான அப்துர் ரஹ்மான் இப்னு அவ்ஃப், உஸ்மான் (ரலி) ஆகியோரின் கால்நடைகளைத் தடுக்குமாறும் பணித்ததை புகாரீ தெரிவிக்கிறது. வேலியிட்டு எளியோரை விரட்டுவதன்று பாதுகாப்பு என்பதை இதனால் உணர்கிறோம். ஏரியை நம்பி வாழும் மீனவரும் ஆடுமாடு மேய்ப்போரும் காவலின் பங்காளிகளாக வேண்டும்.

பண்பாட்டுச் சின்னங்களுக்கும் இந்நெறி பொருந்தும். அருகிலுள்ள ஆலம்பரைக் கோட்டை ஆற்காட்டு நவாபுகள் காலத்தது. 1750இல் பிரெஞ்சுக்காரர் கைக்குச் சென்று, 1760இல் ஆங்கிலேயரால் சிதைக்கப்பட்டது. 2004 ஆழிப்பேரலையும் அதனைத் தாக்கியது. எஞ்சிய சுவரின் கல்லைப் பெயர்ப்பதும் ஏரியை ஆக்கிரமிப்பதும் ஒரே குற்றத்தின் இரு வடிவங்கள்.

கைபர் நிலம் குறித்து உமர் (ரலி) அவர்களுக்கு நபி (ஸல்) காட்டிய வழி, மூலத்தை நிறுத்தி விளைச்சலை அறமாக்குவது. வக்ஃபின் அடிப்படை அதுவே. பள்ளிவாசல் சொத்துக்கு மட்டும் அதனைப் பொருத்திப் பார்த்துப் பழகிய நாம், ஏரிக்கும் கோட்டைக்கும் அதனை விரித்துரைக்கக் கடமைப்பட்டுள்ளோம். பயனை உண்ணலாம், மூலம் நம் பிள்ளைகளின் அமானிதம்.