பேரரசர் உண்ட சோறு

2019 மே 13 அன்று டோக்கியோ அரண்மனை வளாகத்தில் கடலாமை ஓட்டைத் தீயில் வாட்டினார்கள். மெல்லிய தகடாக இழைத்தெடுத்த ஓடு அது. சூட்டில் விழுந்த வெடிப்புகளைப் பார்த்து, கிழக்கே தோச்சிகி, மேற்கே கியோட்டோ என்று முடிவானது. புதிதாகப் பட்டமேறிய பேரரசர் நருஹிதோ தெய்வத்துக்குப் படைத்துத் தானும் உண்ணவேண்டிய நெல் எந்த மண்ணில் விளைய வேண்டும் என்பதே அன்று கேட்ட குறி.

ஷின்டோ என்றதும் நம்மில் பலருக்குச் செந்நிற வாயில்கள்தான் நினைவுக்கு வரும். மலையிலும் அருவியிலும் முதுமரத்திலும் ‘காமி’ உறைகிறது என்ற நம்பிக்கையும் சிலருக்குத் தெரிந்திருக்கும். ஆனால் பழைய ஜப்பானின் அரசாட்சியை அந்த வழிபாட்டோடு இறுக்கிக் கட்டியது சோறுதான் என்பேன். எந்த நாட்டு நெல், யார் படைத்தார், யார் உண்டார் என்பதில் அதிகாரமே அடங்கியிருந்தது.

பேரரசர் படைத்து உண்ணும் அந்தச் சடங்கின் பெயர் டைஜோசாய். ஆண்டுதோறும் நவம்பர் 23இல் நடக்கும் புத்தரிசிப் படையலைப் புதுப் பேரரசர் முதன்முறை செய்யும்போது, அது இந்தப் பெருவிழாவாகிறது. ஓர் ஆட்சிக்கு ஒரே முறை. 2019 நவம்பர் 14 இரவு, வெண்பட்டு உடுத்திய நருஹிதோ யுகி என்ற குடிலை நோக்கி நடந்தார். காலடிக்கு முன்னால் பாயை விரித்துக்கொண்டே போவதும், அவர் கடந்ததும் பின்னால் சுருட்டிக்கொண்டே வருவதும் முறை. உள்ளே துணைக்கு இரு பணிப்பெண்கள் மட்டும். சோறு, தினை, மீன், வெள்ளையும் கருப்புமாக இருவகை மது. அவற்றைத் தம் கையாலேயே எடுத்து இலைத்தட்டுகளில் அமதெராசு என்ற சூரிய தேவிக்கும் பிற தெய்வங்களுக்கும் படைத்து, பிறகு தாமும் உண்ண வேண்டும். நள்ளிரவுக்குப் பின் சுகி என்ற இன்னொரு குடிலில் அத்தனையும் மறுபடி. வெளியே காத்திருந்த விருந்தினர்கள் கண்ணில் எதுவும் படவில்லை.

குடிலுக்குள் ஒரு படுக்கையும் உண்டு. அதை வைத்து, பேரரசர் அங்கே தெய்வத்தன்மை பெறுகிறார் என்று 1928இல் ஒரிகுச்சி ஷினோபு என்ற அறிஞர் எழுதினார். பிற்கால ஆய்வாளர் ஒகாதா ஷோஜி அதை மறுத்தார். சடங்கின் மையம் படையலும் உணவும்தான் என்ற அவர் பக்கமே எனக்கு நியாயம் தெரிகிறது. சடங்கு முடிந்து மக்களுக்குத் திறந்துவிட்டபோது நானும் வரிசையில் நின்று அந்தக் குடில்களைப் பார்த்தேன். தூண்கள் பட்டைகூட உரிக்காத மரங்கள். உலகின் மிகப் பழைய அரச குலம் ஒன்றின் தலையாய சடங்குக்கு இவ்வளவு எளிய கூரையா என்று மனம் நெகிழ்ந்தது. பிறகு அவற்றைப் பிரித்துவிட்டார்கள், அதுவும் மரபு.

இதற்கு வேர் 7ஆம் நூற்றாண்டில் இருக்கிறது. 672இல் அண்ணன் மகனோடு போரிட்டு அரியணையைப் பிடித்தவர் தென்மு. போருக்கு நடுவே, இசே நாட்டின் ஆற்றங்கரையில் நின்று அமதெராசுவைத் தொழுதார் என்கிறது ‘நிஹோன் ஷோகி’ என்ற பழைய வரலாற்று நூல். வென்ற மறு ஆண்டே டைஜோசாய் நடந்தது. ஹரிமா, தன்பா நாடுகளின் அதிகாரிகளுக்கு அதற்காகப் பரிசளித்த குறிப்பும் அதே நூலில் உண்டு. இரண்டுமே தலைநகர் இருந்த யமதோவுக்கு வெளியே உள்ள நாடுகள். தலைநகருக்கு வெளியே உள்ள மண்ணின் நெல் அரசன் வாய்க்குப் போவது, அந்த மண் அவனுக்கு அடங்கியது என்பதற்குச் சாட்சி. தென்மு தம் மகள் ஓகுவை இசே கோயிலுக்குப் பூசகியாகவும் அனுப்பினார்.

நெல் மேலே வந்தால், காணிக்கை கீழே போக வேண்டும். இரண்டாம் மாதம், விதைப்புக்கு முன், ஜிங்கிகான் என்ற தெய்வ அலுவலகம் நாட்டுக் கோயில்களின் பூசகர்களைத் தலைநகருக்கு அழைத்து, பட்டும் ஈட்டியும் மதுவும் வழங்கியது. 927இல் முடிந்த ‘எங்கிஷிகி’ என்ற விதிநூல் 3,132 தெய்வங்களைப் பட்டியலிடுகிறது. இந்தக் கொடுக்கல் வாங்கலில்தான் ஊர்த்தெய்வங்கள் அரசனின் வட்டத்துக்குள் வந்தன.

அது எப்படித் தேய்ந்தது என்பதை மியோஷி கியோயுகி என்ற அதிகாரி 914இல் பேரரசருக்கு எழுதிய முறையீட்டில் கண்முன் நிறுத்துகிறார். பூசகர்கள் பிரபுக்கள் முன்னாலேயே பட்டை மடியில் செருகிக்கொள்கிறார்கள். ஈட்டியின் காம்பைக் கழற்றி எறிந்து முனையை மட்டும் வைத்துக்கொள்கிறார்கள். தெய்வத்துக்கான மதுவை அங்கேயே ஒரே மூச்சில் குடித்து முடிக்கிறார்கள். காணிக்கைக் குதிரையை வாசலிலேயே வியாபாரிகள் வாங்கிக்கொண்டு போகிறார்கள். காணிக்கை கோயில் வரை போகவே இல்லை. படிக்கும்போது எனக்குக் கோபம் வந்தது பூசகர்கள்மேல் அல்ல. நம்பிக்கை வற்றிய பின்னும் பட்டியலை மட்டும் காப்பாற்றிய ஆட்சிமேல்.

டைஜோசாயும் தப்பவில்லை. 1466இல் கோ-ட்சுசிமிகாதோ பேரரசருக்கு அது நடந்தது. மறு ஆண்டே ஓனின் போர் மூண்டு கியோட்டோ எரிந்தது. நாடுகளிலிருந்து வரவேண்டியது வரவில்லை. அடுத்துப் பட்டத்துக்கு வந்த கோ-காஷிவபாரா, முடிசூட்டு விழாவுக்குப் பணமில்லாமல் 21 ஆண்டுகள் காத்திருந்தார். ஒன்பது பேரரசர்கள் அந்தப் படையலைச் செய்யாமலே ஆண்டார்கள். 1687இல்தான், ஷோகன் என்ற படைத்தலைவரின் அரசு தந்த இசைவோடு, சுருக்கமான வடிவில் அது மீண்டும் நடந்தது.