ஊரே குற்றவாளி என்றது... அரசு வழக்கறிஞருக்கு மட்டும் சந்தேகம் வந்தது!

1924, பிப்ரவரி 4. அமெரிக்காவின் கனெக்டிகட் மாகாணத்தில் உள்ள பிரிட்ஜ்போர்ட் நகரம். மாலையில் நடந்து சென்றுகொண்டிருந்த பாதிரியார் ஹூபர்ட் டேமை, பின்னால் வந்த ஒருவன் தலையில் சுட்டுவிட்டு ஓடினான். ஊரே மதித்த மனிதர் அவர். கொலையாளி சிக்காததால், மக்களின் கோபம் போலீஸ் மீது திரும்பியது.

சில நாள்களில் ஹரோல்ட் இஸ்ரேல் என்ற இளைஞர் பிடிபட்டார். முன்னாள் ராணுவ வீரர். வேலையும் இல்லை, காசும் இல்லை. ஆனால், கைத்துப்பாக்கி இருந்தது. மணிக்கணக்கில் நடந்த விசாரணையின் முடிவில் 'நான்தான் சுட்டேன்' என்று ஒப்புக்கொண்டார். நேரில் பார்த்ததாகச் சாட்சிகள் சொன்னார்கள். தோட்டா அவருடைய துப்பாக்கியிலிருந்து வந்ததுதான் என்றார் ஒரு நிபுணர். இதைவிட வலுவான வழக்கு கிடைக்குமா?

அந்த வழக்கை நடத்த வேண்டியவர் அரசு வழக்கறிஞர் ஹோமர் கம்மிங்ஸ். ஓய்வெடுத்துத் தெளிந்த பிறகு இஸ்ரேல் தன் வாக்குமூலத்தை மறுத்ததை அவர் அலட்சியம் செய்யவில்லை. களைத்துப்போன ஒருவர் விட்டால் போதுமென்று எதையும் ஒப்புக்கொள்ளக்கூடும் அல்லவா? அதனால் ஒவ்வொரு சாட்சியத்தையும் அவரே சோதித்துப் பார்த்தார்.

உணவகத்தில் வேலைபார்த்த ஒரு பெண், ஜன்னல் வழியாக இஸ்ரேலைப் பார்த்ததாகச் சொல்லியிருந்தார். கம்மிங்ஸ் இரவில் அங்கேயே போய் நின்றார். உள்ளே இருந்த விளக்கொளியில், கண்ணாடிக்கு வெளியே போகிறவர் யாரென்றே தெரியவில்லை. தோட்டாவை வேறு நிபுணர்களிடம் கொடுத்தார். அது அந்தத் துப்பாக்கியிலிருந்து வந்ததல்ல என்று அவர்கள் சொன்னார்கள். வாக்குமூலத்திலும் போலீஸுக்கு ஏற்கெனவே தெரியாத விஷயம் எதுவுமில்லை.

1924, மே 27. தண்டனை கேட்க வேண்டிய அவர், வழக்கைக் கைவிடுவதாக நீதிமன்றத்தில் அறிவித்தார். குற்றவாளியைத் தண்டிப்பது எவ்வளவு முக்கியமோ, நிரபராதியைக் காப்பதும் அரசு வழக்கறிஞருக்கு அவ்வளவு முக்கியம் என்றார். இஸ்ரேல் விடுதலையானார்.

கம்மிங்ஸ் 1933-ல் அதிபர் ரூஸ்வெல்ட்டின் அமைச்சரவையில் அட்டர்னி ஜெனரல் ஆனார். இந்தக் கதையைத் தழுவி இயக்குநர் எலியா கசான் எடுத்த 'பூமராங்' படம் 1947-ல் வெளியானது. இஸ்ரேல் பென்சில்வேனியாவில் சுரங்கத் தொழிலாளியாகி, குடும்பத்தோடு வாழ்ந்தார்.

பாதிரியாரைக் கொன்றது யார் என்பது கடைசிவரை நிரூபிக்கப்படவில்லை. அந்தப் பழியைச் சுமந்து ஓர் அப்பாவி சாகாமல் இருந்ததற்குக் காரணம், 'ஒருமுறை நானே போய்ப் பார்த்துவிடுகிறேன்' என்று ஒரு வழக்கறிஞர் கிளம்பியதுதான்!