சூரைக்குள் ஒரு நொதியம், குடலுக்குள் ஒரு நொதியம்

சூரை மீன் குழம்பு வைத்த நாள். ஒரே சட்டியில் ஐந்து பேர் சாப்பிட்டார்கள். அரை மணித்தியாலத்துக்குள் ஒருவருக்கு மட்டும் முகமும் கழுத்தும் சிவந்து, தலை இடித்து, நெஞ்சு படபடக்கத் தொடங்குகிறது. வல்வெட்டித்துறை போன்ற கரையோர ஊரில் இப்படி ஒன்று நடந்தால் வீட்டில் முதலில் வரும் வார்த்தை, "உனக்கு மீன் ஒத்துவராது, இனிமேல் தொடாதை" என்பதாகவே இருக்கும். அன்றோடு அவருடைய கோப்பையில் மீன் இல்லாமல் போகும். அவர் காசநோய்க்கு மருந்து எடுப்பவராக இருந்தால், "உந்தக் குளிசை சரியான சூடு, அதுதான் உப்பிடிச் செய்யுது" என்று யாராவது சொல்வார்கள். அவரும் குளிசையை நிறுத்திவிடுவார். முதல் முடிவால் ஒருவர் நல்ல உணவொன்றை இழக்கிறார். இரண்டாவது முடிவு உயிருக்கே உலை வைக்கக்கூடியது. இரண்டையும் தவிர்க்க, இரண்டு நொதியங்களின் பெயரை அறிந்திருப்பது உதவும்: ஹிஸ்டிடின் டிகார்பொக்சிலேஸ், டயமின் ஒக்சிடேஸ்.

பெயரே வேலையைச் சொல்லும்

நொதியம் என்பது உயிர்கள் உண்டாக்கும் ஒரு புரதம். உடலில் நடக்கும் இரசாயன மாற்றம் ஒன்றை அது பல மடங்கு வேகப்படுத்தும். அந்த மாற்றத்தில் தான் தீர்ந்துபோகாது. ஒரு மூலக்கூறை மாற்றிவிட்டு அடுத்ததைப் பிடிக்கும். தமிழ்நாட்டுப் பாடநூல்களில் இதையே நொதி என்று எழுதுகிறார்கள்.

இந்த நீண்ட பெயர்களைப் பார்த்து மிரள வேண்டியதில்லை. பெரும்பாலான நொதியப் பெயர்கள் 'ஏஸ்' என்று முடியும். அதற்கு முன்னால் உள்ள பகுதி அது எதன் மேல், என்ன வேலை செய்கிறது என்பதைச் சொல்லும். ஹிஸ்டிடின் டிகார்பொக்சிலேஸ், ஹிஸ்டிடின் என்ற அமினோ அமிலத்திலிருந்து கார்பொக்சில் பகுதியைக் கழற்றிவிடுகிறது. கழன்ற பகுதி காபனீரொட்சைட்டாகப் போய்விட, மிஞ்சுவது ஹிஸ்டமின். டயமின் ஒக்சிடேஸ் ஹிஸ்டமினை ஒட்சியேற்றிச் செயலிழக்கச் செய்கிறது. ஒன்று ஆக்கும், மற்றது அழிக்கும். மீனால் வரும் இந்தத் தொல்லை முழுவதும் இந்த இரண்டின் கணக்குத்தான்.

ஹிஸ்டமின் நமக்கு அந்நியப் பொருளும் அல்ல. நம் உடலே அதை அளவோடு உண்டாக்கி, வயிற்று அமிலம் சுரக்கவும், காயம் பட்ட இடத்தில் இரத்தக் குழாய்கள் விரியவும் பயன்படுத்துகிறது. அது ஒரே நேரத்தில் பெருமளவில் வெளியிலிருந்து வந்து இறங்கும்போதுதான் உடல் தடுமாறுகிறது.

சூரைக்குள் நடப்பது

சூரை, அறக்குளா, கும்பிளா, சூடை போன்ற மீன்கள் ஓயாமல் நீந்துபவை. தசை கடுமையாக உழைக்கும்போது சேரும் அமிலத்தைச் சமாளிக்க இவற்றின் சதையில் ஹிஸ்டிடின் தாராளமாக இருக்கிறது. சூரையின் கருஞ்சிவப்புச் சதையைப் பார்த்தாலே அது எப்படிப்பட்ட உழைப்பாளி மீன் என்று தெரியும். உயிரோடு இருக்கும்வரை இந்த ஹிஸ்டிடினால் யாருக்கும் கெடுதி இல்லை.

மீன் செத்தவுடன் நிலைமை மாறுகிறது. செதிளிலும் பூவிலும் (செவுளிலும்) குடலிலும் இருந்த பக்டீரியாக்கள் சதைக்குள் பரவுகின்றன. அவற்றில் மோர்கனெல்லா மோர்கனி போன்ற சில இனங்கள் ஹிஸ்டிடின் டிகார்பொக்சிலேஸை உண்டாக்குபவை. வெப்பம் இருந்தால் அவை பெருகும் வேகம் பயங்கரமானது. பாக்கு நீரிணைப் பக்கம் கடல்நீரே ஆண்டின் பெரும்பகுதியில் 28 பாகை செல்சியஸை ஒட்டி இருக்கிறது. இரவில் விரித்த வலையில் மாட்டி அங்கேயே செத்துப்போன மீனுக்கு, வள்ளத்தில் ஏறுவதற்கு முன்பே கடிகாரம் ஓடத் தொடங்கிவிடுகிறது. பிறகு ஐஸ் இல்லாத பயணம், கரையில் ஏலம், வெயிலில் சைக்கிள் பெட்டி, மத்தியானச் சந்தை. இத்தனைக்கும் பிறகும் அந்த மீன் பார்க்க நன்றாகவே இருக்கலாம், நாற்றமும் இல்லாமல் இருக்கலாம். ஹிஸ்டமினுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. கண்ணைப் பார், பூவைத் திறந்து பார் என்று நம் பெரியவர்கள் சொல்லித் தந்த சோதனைகள் பழுதான மீனைத் தவிர்க்க நல்லவைதான். ஹிஸ்டமினை மட்டும் அவை காட்டிக்கொடுக்காது.

இனிமேல் சொல்வதைக் குசினியில் நிற்பவர்கள் கட்டாயம் தெரிந்திருக்க வேண்டும். சமைக்கும் சூடு பக்டீரியாவைக் கொல்லும், அதன் நொதியத்தையும் அழிக்கும். ஆனால் ஏற்கெனவே உண்டான ஹிஸ்டமின் கொதிக்க வைத்தாலும் பொரித்தாலும் போகாது. ரின்னில் அடைக்கும்போது கொடுக்கும் கடும் வெப்பத்தையும் அது தாங்கும். குளிர்பெட்டியில் உறைய வைத்தாலும் அப்படியே இருக்கும். உறைநிலையில் பக்டீரியா பெருகாது என்பது சரி. அதற்கு முன்பே அது உண்டாக்கி வைத்த நொதியம் தப்பியிருந்து, மீன் இளகும்போது மீண்டும் வேலை செய்யத் தொடங்கலாம். உறைந்த சூரையைக் காலையில் வெளியில் எடுத்து வைத்துவிட்டு மத்தியானம் வெட்டுவது அதனால்தான் கூடாது. குளிர்பெட்டியின் கீழ்த்தட்டில் வைத்துக் குளிரிலேயே இளக விட வேண்டும்.

ஒரு மீனுக்குள்ளேயே ஹிஸ்டமின் சீராகப் பரவியிருக்காது. தலைப்பக்கத் துண்டில் நிறைய இருக்க, வால் துண்டில் மிகக் குறைவாக இருக்கலாம். ஐந்து பேரில் ஒருவருக்கு மட்டும் வருத்தம் வந்ததற்கு இது ஒரு காரணம். இன்னொரு காரணம் சாப்பிட்டவரின் குடலில் இருக்கிறது.

குடலின் பங்கு

டயமின் ஒக்சிடேஸுக்குப் பழைய பெயர் ஹிஸ்டமினேஸ். இன்சுலினைக் கண்டறிந்தவர்களில் ஒருவரான சார்ல்ஸ் பெஸ்ட், பின்னாளில் ஹிஸ்டமினை அழிக்கும் இந்த நொதியத்தையும் ஆராய்ந்தவர். 1930இல் அவரும் மெக்கென்றியும் வைத்த பெயர்தான் ஹிஸ்டமினேஸ். 1938இல் செல்லர் இதற்கு டயமின் ஒக்சிடேஸ் என்ற பெயரைக் கொடுத்தார். பழைய மருத்துவ நூல்களில் ஒரு பெயரும் புதியவற்றில் மற்றப் பெயரும் இருப்பதைக் கண்டு இரண்டும் வேறு என்று நினைத்துவிடக் கூடாது.

இது சிறுகுடலின் உட்சுவரிலும் சிறுநீரகத்திலும், கர்ப்பிணிகளின் நச்சுக்கொடியிலும் மிகுதியாக உண்டாகிறது. கர்ப்ப காலத்தில் இரத்தத்தில் இதன் அளவு பல நூறு மடங்கு உயரும். உணவோடு வரும் ஹிஸ்டமினின் பெரும்பகுதியைக் குடலிலேயே இது முடித்துவிடுவதால், சிறிதளவு ஹிஸ்டமின் உள்ள மீனைச் சாப்பிட்டாலும் நமக்கு ஒன்றும் தெரிவதில்லை. உணவு வேளாண்மை நிறுவனமும் உலக சுகாதார நிறுவனமும் 2012இல் கூட்டிய நிபுணர் குழு, ஆரோக்கியமான ஒருவர் ஒரு வேளையில் 50 மில்லிகிராம் ஹிஸ்டமின்வரை தாங்குவார் என்று கணித்தது. ஒரு வேளைக்கு 250 கிராம் மீன் என்று எடுத்தால், கிலோ ஒன்றுக்கு 200 மில்லிகிராம் என்ற எல்லை வருகிறது. ஐரோப்பாவுக்குப் போகும் சூரை வகை மீன்களில், ஒரு தொகுதியிலிருந்து 9 மாதிரிகள் எடுத்து, எதுவும் இந்த 200ஐத் தாண்டக் கூடாது, இரண்டுக்கு மேல் 100ஐத் தாண்டக் கூடாது என்று பார்க்கிறார்கள். நம் ஊர்ச் சந்தைக்கு வரும் மீனுக்கும் அந்தக் கரிசனை கிடைக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம்.

மேலே உள்ள கணக்கில் 'ஆரோக்கியமான' என்ற வார்த்தையைக் கவனியுங்கள். குடலின் நொதியம் தடுக்கப்பட்டிருப்பவருக்கு அந்த எல்லை பொருந்தாது.

காசநோய்க் குளிசையும் சூரையும்

இந்த உண்மையை உலகுக்கு எடுத்துக்காட்டியதில் இலங்கை வைத்தியர்களுக்கு முக்கியமான பங்கு உண்டு. மார்பு நோய் நிபுணரான சி. ஜி. உரகொட, இலங்கையின் மருத்துவ வரலாற்றை நூலாக எழுதியவரும்கூட. காசநோய்க்கு ஐசோனியாசிட் எடுத்த நோயாளிகள் சிலருக்கு மீன் சாப்பிட்டதும் முகம் சிவந்து, தலை இடித்து, படபடப்பு வருவதை அவர் கவனித்தார். மருந்தியலாளர் எஸ். ஆர். கொட்டேகொடவோடு சேர்ந்து 1977இல் அதை மருத்துவ ஆய்விதழில் வெளியிட்டார். ஹிஸ்டமின் மிகுந்த மீனும் ஐசோனியாசிட்டும் ஒன்றுசேர்ந்ததே காரணம் என்பது அவர்கள் காட்டிய விளக்கம். 1981இல் சேனாநாயக்க, வைரவநாதன் என்ற இரு வைத்தியர்களும் காசநோய் மருந்து எடுப்பவர்களிடம் சூரை இன மீனால் வந்த இதே தாக்கத்தைப் பதிவு செய்தார்கள்.

ஐசோனியாசிட், டயமின் ஒக்சிடேஸின் வேலையைத் தடுக்கிறது. மற்றவர்கள் ஒன்றும் தெரியாமல் செரித்துவிடும் அளவு ஹிஸ்டமின்கூட இந்த நோயாளிகளின் இரத்தத்தில் நேரே கலந்துவிடுகிறது. எனவே மீனும் பெரிய குற்றவாளி இல்லை, குளிசையும் இல்லை. இரண்டும் ஒரே வயிற்றில் சந்திப்பதுதான் தொல்லை.

வழக்கமான காசநோய்ச் சிகிச்சை 6 மாதம். முதல் 2 மாதம் நான்கு மருந்துகள், அடுத்த 4 மாதம் இரண்டு. ஐசோனியாசிட் இந்த ஆறு மாதமும் தொடரும். நோயாளியோடு ஒரே வீட்டில் இருக்கும் சிறு பிள்ளைகளுக்கு நோய் வராமல் காக்கவும் இதே மருந்து கொடுக்கப்படுவதுண்டு; அவர்களுக்கும் இந்தக் கவனம் வேண்டும். இந்த ஆறு மாதத்துக்கும் சூரை, கும்பிளா, அறக்குளா, சூடை, ரின் மீன், மாசிக் கருவாடு ஆகியவற்றை விலக்கிவிடுங்கள். மீன் இல்லாமல் சோறு இறங்காது என்பவர்கள் அன்று பிடித்த விளைமீன், ஓரா, கலவாய் போன்ற வெள்ளைச் சதை மீன்களைச் சாப்பிடலாம். காசநோயாளிக்குப் புரதம் கட்டாயம் தேவை. மீனைப் பயந்து பத்தியம் இருப்பது அவரை இன்னும் நலிவாக்கும். முட்டை, பருப்பு, கோழி, பால் எல்லாம் இருக்கின்றன.

என்ன நடந்தாலும் குளிசையைத் தானாக நிறுத்தக் கூடாது. இடையில் விட்டால் நோய் திரும்பும். மருந்துக்கு அடங்காத கிருமியாகத் திரும்பினால் சிகிச்சை நீண்டு கடினமாகும், வீட்டில் உள்ளவர்களுக்கும் அதே கிருமி தொற்றும். ஒரு துண்டுச் சூரையால் வந்த முகச்சிவப்புக்கு அவ்வளவு பெரிய விலை கொடுக்கத் தேவையில்லை.

ஒவ்வாமையா, ஹிஸ்டமினா?

அறிகுறிகள் சாப்பிட்டு 10 நிமிடத்திலிருந்து 2 மணித்தியாலத்துக்குள் தொடங்கும். வாயில் மிளகுக் காரம் போல எரிச்சல், முகத்திலும் நெஞ்சிலும் சிவப்பு, தலையிடி, படபடப்பு, அரிப்பு, தடிப்பு, வாந்தி, வயிற்றோட்டம் என வரலாம். பெரும்பாலும் ஒரு நாளுக்குள் தணிந்துவிடும்.

உண்மையான மீன் ஒவ்வாமை வேறு. அது நம் நோயெதிர்ப்புத் தொகுதி மீனின் புரதம் ஒன்றை எதிரியாக நினைப்பதால் வருவது; எவ்வளவு புதிய மீனாக இருந்தாலும் ஒவ்வொரு தடவையும் வரும். பல வருடமாக மீன் சாப்பிட்டு வந்தவருக்கு ஒரு நாள் திடீரென்று வந்ததென்றால், அதே குழம்பைச் சாப்பிட்ட இன்னொருவருக்கும் லேசாக வந்ததென்றால், ஹிஸ்டமினைச் சந்தேகிக்க வேண்டும். பெரிய வைத்தியசாலைகளில் இந்த வேறுபாட்டைக் காண இரத்தத்தில் ட்ரிப்டேஸ் என்ற மற்றொரு நொதியத்தைப் பார்ப்பதுண்டு. கடும் ஒவ்வாமையில் அது உயரக்கூடும். மீன் ஹிஸ்டமினால் வந்த வருத்தத்தில் பொதுவாக உயராது.

காரணம் எதுவாக இருந்தாலும், மூச்சு இழுத்தாலோ, உதடும் நாக்கும் வீங்கினாலோ, தலை சுற்றி விழப் பார்த்தாலோ ஆராய்ந்துகொண்டிருக்க நேரமில்லை. ஊரணி வைத்தியசாலைக்கோ மந்திகையில் உள்ள ஆதார வைத்தியசாலைக்கோ உடனே போங்கள். லேசான தாக்கத்துக்கு ஹிஸ்டமினைத் தடுக்கும் குளிசையே போதுமானதாக இருக்கும். அதையும் வைத்தியரிடம் கேட்டே எடுங்கள்.

கரையிலும் குசினியிலும்

கடலுக்குப் போகும் அண்ணன்மாருக்கு ஒரு வேண்டுகோள். நம் வெப்பத்துக்கு மீனின் நிறை எவ்வளவோ அவ்வளவு நிறை ஐஸ் வேண்டும். ஐஸ் விலையையும் மண்ணெண்ணெய் விலையையும் பார்த்தால் இது சுலபமான காரியமில்லை என்பது தெரியும். ஆனாலும் சூரையைப் பிடித்தவுடன் பூவையும் குடலையும் எடுத்து ஐஸில் போட்டால், நொதியம் உண்டாக்கும் பக்டீரியாவில் பெரும்பங்கு அங்கேயே குறைந்துவிடும்.

வாங்குபவர்கள் மீனைக் கடைசியாக வாங்கி நேரே வீட்டுக்குப் போக வேண்டும். 4 பாகைக்குக் கீழே வைக்க வேண்டும். மின்சாரம் பல மணித்தியாலம் நின்ற நாளில் குளிர்பெட்டிக்குள் இருந்த சூரையை நம்ப வேண்டாம். கொறுக்காய்ப் புளி சூரைச் சதையில் ஹிஸ்டமின் உருவாவதைக் குறைப்பதை இலங்கை ஆய்வாளர்கள் ஆய்வுகூடத்தில் கண்டிருக்கிறார்கள். ஆயினும் எந்தப் புளியும் ஏற்கெனவே உருவான ஹிஸ்டமினை எடுத்துவிடாது. கருவாட்டுக்கும் இதே விதிதான். பழுதாகப் போகும் மீனைக் கருவாடு போடுவோம் என்ற பழக்கத்தைக் கைவிட வேண்டும்.

விற்பனைக்கு வரும் டி.ஏ.ஓ.

லண்டனிலும் ரொறன்ரோவிலும் இருக்கும் நம் உறவுகள் டி.ஏ.ஓ. என்ற பெயரில் குளிசைகளும் இரத்தப் பரிசோதனைகளும் விற்கப்படுவதைக் கண்டிருப்பார்கள். அது டயமின் ஒக்சிடேஸின் சுருக்கம். இரத்தத்தில் இதன் அளவைப் பார்த்து மட்டும் ஒருவருக்கு ஹிஸ்டமின் தாங்காது என்று தீர்மானிக்கும் அளவுக்குச் சான்று இன்னும் சேரவில்லை. காசநோய் மருந்து எடுப்பவர் இந்தக் குளிசையைப் போட்டுவிட்டுச் சூரை சாப்பிடலாம் என்று நினைப்பது ஆபத்தானது.

வைத்தியரிடம் சொல்ல வேண்டியவை

எந்த மீன், எங்கே எப்போது வாங்கியது, சமைக்கும்வரை எப்படி வைத்திருந்தீர்கள், சாப்பிட்டு எத்தனை நிமிடத்தில் தொடங்கியது, கூடச் சாப்பிட்டவர்களுக்கு என்ன ஆனது என்று சொல்லுங்கள். எடுக்கும் எல்லா மருந்துகளையும், காசநோய்க் குளிசை உட்பட, மறைக்காமல் சொல்லுங்கள். காசநோயை ஊருக்குத் தெரியாமல் வைத்திருப்பவர்கள் இந்த இடத்தில்தான் தயங்குகிறார்கள். வைத்தியருக்கோ அதுவே முதலில் தெரிய வேண்டிய விடயம். மிஞ்சிய மீனைக் கொட்டிவிடாமல் பையில் கட்டி உறைநிலையில் வையுங்கள். பலருக்கு ஒன்றாக வருத்தம் வந்திருந்தால் பொதுச் சுகாதாரப் பரிசோதகருக்கு அறிவியுங்கள். அந்தத் துண்டு அவருக்குத் தேவைப்படும்.